49-ஆம் கோட்டின் இருபுறமும்: கரடிக் காட்டு நடையும் அளவு மாற்றமும்

அமெரிக்காவின் மொன்டானா மாநிலமும் கனடாவின் ஆல்பர்ட்டா மாகாணமும் ராக்கி மலைத்தொடரில் சந்திக்கும் இடத்தில் இரண்டு தேசியப் பூங்காக்கள் ஒட்டிக் கிடக்கின்றன. வடக்கே இருப்பது வாட்டர்டன் லேக்ஸ். 1895-இல் காப்பிடமாக அறிவிக்கப்பட்ட அதன் பரப்பு 505 சதுர கிலோமீட்டர். தெற்கே இருப்பது 1910-இல் உருவான கிளேசியர். அதன் பரப்பு பத்து லட்சம் ஏக்கருக்குச் சற்று மேல். எது பெரியது, எத்தனை மடங்கு என்று கேட்டால் உடனே பதில் வராது. ஒன்று சதுர கிலோமீட்டரில் இருக்கிறது, மற்றது ஏக்கரில். ஒரு சதுர கிலோமீட்டருக்கு ஏறக்குறைய 247 ஏக்கர் என்று கணக்குப் போட்டால் கிளேசியர் சுமார் 4,100 சதுர கிலோமீட்டர் வரும். வாட்டர்டனைப்போல் எட்டு மடங்கு. வரைபடத்தை விரித்ததுமே தொடங்கும் இந்தக் கணக்கு, கூடாரத்தை மடித்து ஊர் திரும்பும்வரை நடைப்பயணியை விடுவதில்லை.

இரண்டையும் பிரிப்பது 49-ஆம் வட அட்சரேகை. ராக்கி மலை வரைக்கும் அதையே எல்லையாகக் கொள்வதென்று 1818-இல் பிரிட்டனும் அமெரிக்காவும் உடன்பட்டன. 1846-இல் கோடு மலையைத் தாண்டி மேற்கே நீண்டது. காட்டுக்குள் இந்த எல்லைக்கு வேலி கிடையாது. 20 அடி அகலத்துக்கு மரங்களை வெட்டி ஒரு நேர்வகிடு எடுத்திருக்கிறார்கள். மலைமீது ஏறி இறங்கி அது போய்க்கொண்டே இருக்கும். கனடாக்காரர்கள் அதை 6 மீட்டர் என்பார்கள். இருநாட்டு ரோட்டரி சங்கங்களின் முயற்சியால் 1932-இல் இரு பூங்காக்களும் சேர்ந்து உலகின் முதல் சர்வதேச அமைதிப் பூங்கா ஆயின. 1995-இல் யுனெஸ்கோவின் உலக மரபுச் சின்னப் பட்டியலில் இடம்பெற்றன. அப்பர் வாட்டர்டன் ஏரியின் தென்முனை அமெரிக்காவில் இருக்கிறது, வடமுனை கனடாவில். 1927-இல் கட்டப்பட்ட ‘இன்டர்நேஷனல்’ என்ற படகு அந்த ஏரியில் ஓடுகிறது. ஏரிக்கரையை ஒட்டிய பாதையில் வாட்டர்டன் ஊரிலிருந்து அமெரிக்கப் பக்கத்து கோட் ஹான்ட் வரை நடந்தால் 14 கிலோமீட்டர். எதிர்த்திசையில் வருபவருக்கு அதே பாதை 8.7 மைல்.

அளவுமுறைகள் இப்படிப் பிரிந்தது அண்மைக் காலத்தில்தான். 1970 வரை கனடாவும் மைல், பவுண்டு, பாரன்ஹீட் நாடுதான். அந்த ஆண்டு மெட்ரிக் முறைக்கு மாறுவதாக அரசு அறிவித்தது. 1975 ஏப்ரல் 1 முதல் வானிலை அறிக்கை செல்சியஸில் வந்தது. 1977 செப்டம்பரில் சாலைப் பலகைகள் கிலோமீட்டருக்கு மாறின. அமெரிக்காவும் 1975-இல் ஒரு மெட்ரிக் சட்டம் இயற்றியது. ஆனால் மாற்றத்தை அவரவர் விருப்பத்துக்கு விட்டுவிட்டது. அதற்கென அமைத்த வாரியமும் 1982-இல் கலைக்கப்பட்டது. விருப்பத்துக்கு விட்டால் யாரும் மாறமாட்டார்கள் என்பதை அந்தச் சட்டம் நன்றாகவே நிரூபித்தது.

மாறுகிற காலத்தின் ஆபத்துக்குக் கனடாவிலேயே ஓர் எடுத்துக்காட்டு உண்டு. 1983 ஜூலை 23 அன்று ஏர் கனடாவின் போயிங் 767 விமானம் ஒன்று எட்மன்டனுக்குப் புறப்பட்டது. அதற்குத் தேவை 22,300 கிலோ எரிபொருள். லிட்டரை எடையாக மாற்ற 0.8 என்ற எண்ணால் பெருக்கியிருக்க வேண்டும். பழைய பழக்கத்தில் 1.77-ஆல் பெருக்கினார்கள், அது லிட்டருக்கு எத்தனை பவுண்டு என்று சொல்லும் எண். விளைவு, வேண்டிய எரிபொருளில் பாதிகூட ஏறவில்லை. நடுவானில் இரண்டு இயந்திரங்களும் நின்றுபோயின. விமானிகள் மனிடோபா மாகாணத்தின் கிம்லி என்ற பழைய விமானத்தளத்தில் விமானத்தை மிதக்கவிட்டே இறக்கினார்கள். இருந்த 69 பேரும் பிழைத்தார்கள். பெருக்கலில் பிழையே இல்லை. எண்ணோடு ஒட்டியிருந்த அலகுதான் வேறு. மலைநடையில் நேரும் அளவுப் பிழைகளும் பெரும்பாலும் இந்த வகைதான்.

தூரமும் உயரமும் சுலபமானவை. ஒரு மைல் 1.609 கிலோமீட்டர். ஓர் அடி துல்லியமாக 0.3048 மீட்டர், 1959-இல் ஆங்கிலம் பேசும் நாடுகள் கூடி இதை முடிவு செய்தன. அதற்குப் பிறகும் அமெரிக்க நில அளவையாளர்கள் ‘சர்வே அடி’ என்று பத்து லட்சத்தில் இரண்டு பங்கு பெரிதான ஓர் அடியை வைத்துக்கொண்டிருந்தார்கள். அது 2022-இன் முடிவில்தான் ஓய்வு பெற்றது. கிளேசியரின் மிக உயர்ந்த சிகரமான கிளீவ்லண்ட் மலையின் உயரத்தில் அந்த இரண்டு அடிகளுக்கும் இடையிலான வேறுபாடு ஏழு மில்லிமீட்டர்கூட வராது.

மனக்கணக்கில் மைலைக் கிலோமீட்டராக்க ஃபிபோனச்சி வரிசை உதவும். 5 மைல் 8 கிலோமீட்டர், 8 மைல் 13, 13 மைல் 21. அடுத்தடுத்த எண்களின் விகிதம் 1.618-ஐ நெருங்குவதும் மைலின் மதிப்பு 1.609-ஆக இருப்பதும் தற்செயல் என்றாலும், பயன்படும் தற்செயல். அடியை மீட்டராக்க பலரும் மூன்றால் பெருக்கிப் பத்தால் வகுப்பார்கள். கூடாரக் கயிற்றுக்கு அது போதும், சிகரத்துக்குப் போதாது. கிளீவ்லண்ட் மலை 10,466 அடி. குறுக்குவழியில் 3,140 மீட்டர் வரும், உண்மையில் 3,190. ஐம்பது மீட்டர் செங்குத்து ஏற்றம் கணக்கில் விழாமலே போய்விடும்.

தூரத்தைவிட நேரம்தான் நடைப்பயணிக்கு முக்கியம். 1892-இல் வில்லியம் நைஸ்மித் என்ற ஸ்காட்லாந்து மலையேறி ஒரு விதி சொன்னார்: மூன்று மைலுக்கு ஒரு மணி நேரம், ஏறும் ஒவ்வொரு 2,000 அடிக்கும் கூடுதலாக ஒரு மணி. மெட்ரிக் நாடுகள் இதை 5 கிலோமீட்டர், 600 மீட்டர் என்று எடுத்துக்கொண்டன. வாட்டர்டனின் புகழ்பெற்ற கிரிப்ட் ஏரிப் பாதை போய்வர 17 கிலோமீட்டர், ஏற்றம் 700 மீட்டர். விதிப்படி நான்கரை மணிக்குச் சற்று மேல். ஆனால் விதி பாறைப் படிகளையும் குனிந்து போகும் குகைவழியையும் தோளில் உள்ள சுமையையும் கணக்கில் எடுப்பதில்லை. ஐந்து, ஆறு மணி என்று திட்டமிடுவதே நடைமுறை. பாதையின் தொடக்கத்துக்கே படகில்தான் போக வேண்டும்; கரை திரும்பக் கடைசிப் படகு காத்திராது என்பதால் இங்கே நேரக் கணக்கு தவறினால் இரவு காட்டில்தான்.

அளவுப் பிழை கண்ணுக்குத் தெரியாமல் ஒளிந்திருப்பது நிலவரைபடத்தில். அமெரிக்க நிலவியல் ஆய்வு நிறுவனத்தின் வழக்கமான தாள் 1:24,000 அளவுத்திட்டம் கொண்டது. அதில் ஓர் அங்குலம் 2,000 அடி. மலைப்பகுதியில் அடுத்தடுத்த இரண்டு சமவுயரக் கோடுகளுக்கு இடையே பெரும்பாலும் 40 அடி. கனடாவின் தேசிய வரைபடத் தாள் 1:50,000. இரண்டு சென்டிமீட்டர் ஒரு கிலோமீட்டர். மலைப்பகுதியில் கோடுகளின் இடைவெளி பெரும்பாலும் 40 மீட்டர். பழைய தாள்களில் 100 அடி. இரண்டு தாள்களையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் இரண்டின் ஓரத்திலும் ‘40’ என்றே இருக்கும். ஒரு சரிவில் பத்துக் கோடுகள் எண்ணுகிறார் பயணி. முதல் தாளில் அது 400 அடி, அதாவது 122 மீட்டர். நைஸ்மித் விதிப்படி அந்த ஏற்றத்துக்குப் பன்னிரண்டு நிமிடம்தான். இரண்டாம் தாளில் அது 400 மீட்டர், 1,300 அடிக்கு மேல்; நாற்பது நிமிடத்தை விழுங்கும். இதைச் சொல்ல எந்த எச்சரிக்கைப் பலகையும் கிடையாது. தாளின் அடியோரத்தில் சிறிய எழுத்தில் இருக்கும் குறிப்பை முதலில் படிப்பவர்தான் தப்பிப்பார்.

கரடிக்கு வருவோம். கிளேசியரில் ஏறக்குறைய 300 கிரிஸ்லிகளும் 600 கருங்கரடிகளும் இருப்பதாக மதிப்பிடுகிறார்கள். நிறத்தை வைத்து இரண்டையும் பிரிக்க முடியாது. கருங்கரடி பழுப்பாகவும் இருக்கும், கிரிஸ்லி கறுப்பாகவும் இருக்கும். தோளின்மேல் திமில், சற்றுக் குழிந்த முகம், முன்காலில் 2 முதல் 4 அங்குல நகம் இருந்தால் கிரிஸ்லி. சேற்றில் பதிந்த தடத்தில் விரல்களுக்கு வெகு முன்னால் நகப்புள்ளிகள் தனியே தெரியும். கருங்கரடியின் நகம் குட்டை. புள்ளிகள் விரலை ஒட்டியே விழும்.

கரடியிடமிருந்து எவ்வளவு தள்ளி நிற்க வேண்டும் என்பதிலும் எல்லைக்கோடு குறுக்கிடுகிறது. அமெரிக்கப் பக்கத்தில் கரடிக்கும் ஓநாய்க்கும் 100 கஜம். மற்ற விலங்குகளுக்கு 25 கஜம். கனடாப் பக்கத்தில் கரடிக்கு 100 மீட்டர். மானினங்களுக்கு 30 மீட்டர். 100 கஜம் என்பது 91.4 மீட்டர்தான். இரண்டுக்கும் இடையே எட்டரை மீட்டர், அதாவது 28 அடி வேறுபாடு. கிரிஸ்லி மணிக்கு 35 மைல், அதாவது 56 கிலோமீட்டர் வேகத்தில் ஓடும்; நொடிக்கு 15.6 மீட்டர். 100 கஜத்தை அது ஆறு நொடிக்குள் கடந்துவிடும். கூடுதல் எட்டரை மீட்டரால் கிடைப்பது அரை நொடி. தூரம் பாதுகாப்புச் சுவர் அல்ல. கரடி தன்னை நெருக்குவதாக நினைக்காமல் இருப்பதற்கான மரியாதை. காட்டில் நாடா வைத்து அளக்க முடியாதபோது தமிழ் வாசகருக்குக் கைவசம் ஓர் அளவுகோல் இருக்கிறது. கிரிக்கெட் ஆடுகளத்தின் நீளம் 22 கஜம். ஐந்து ஆடுகளம் 110 கஜம், 100.6 மீட்டர், இரு நாட்டு விதிகளும் ஒரே அளவில் நிறைவேறிவிடும்.

கரடி ஸ்பிரே டப்பாவின் எண்கள் இதைவிடக் கண்டிப்பானவை. மிளகாயின் காரத்தைத் தரும் கேப்சைசினும் அதன் இனப்பொருள்களும் 1 முதல் 2 விழுக்காடு இருக்க வேண்டும். டப்பாவில் குறைந்தது 7.9 அவுன்ஸ், அதாவது 225 கிராம் சரக்கு. பீய்ச்சும் தூரம் குறைந்தது 25 அடி, பீய்ச்சும் நேரம் குறைந்தது 6 நொடி. 25 அடி என்பது 7.6 மீட்டர், முழு வேகத்தில் வரும் கிரிஸ்லிக்கு அது அரை நொடிப் பாய்ச்சல். அதனால்தான் கரடி 60 அடிக்குள் வரும்போதே, அதாவது 18 மீட்டரில், பீய்ச்சத் தொடங்கச் சொல்கிறார்கள். அப்போதுதான் காரப் புகைக்குள் கரடி ஓடி வரும். 25 அடியையும் 25 மீட்டரையும் குழப்பிக்கொண்டு முன்கூட்டியே அடித்தால் ஆறு நொடிச் சரக்கு வெறுங்காற்றில் தீர்ந்துவிடும். இந்த டப்பாவை விமானத்தில் கொண்டுபோக முடியாது. போய் இறங்கிய ஊரில்தான் வாங்க வேண்டும். மனிதர்மேல் அடிப்பதற்கென விற்கும் சிறிய பெப்பர் ஸ்பிரே கனடாவில் தடைசெய்யப்பட்ட ஆயுதம் என்பதால் எல்லையைத் தாண்டும் முன் லேபிளைப் படித்துவிடுவது நல்லது. டப்பாவை முதுகுப்பைக்குள் வைப்பதில் பொருளில்லை. இடுப்புப் பட்டையில் அல்லது மார்புப் பட்டையில் இருக்க வேண்டும்.

உணவை மறைப்பதுதான் உண்மையான கரடிப் பாதுகாப்பு. 1967 ஆகஸ்ட் 13-ஆம் தேதி விடியும் முன், கிளேசியரின் கிரானைட் பார்க்கிலும் டிரவுட் ஏரிக்கரையிலும், சில மணி நேர இடைவெளியில் இரண்டு வெவ்வேறு கிரிஸ்லிகள் இரண்டு இளம்பெண்களைக் கொன்றன. பூங்கா தொடங்கிய நாள்முதல் கரடியால் நேர்ந்த முதல் மரணங்கள் அவை. இரண்டு கரடிகளும் மனித உணவுக்குப் பழகியவை. கிரானைட் பார்க் விடுதியின் எச்சில் உணவைத் தின்னக் கரடிகள் வருவதைப் பயணிகள் வேடிக்கை பார்ப்பது அன்று வழக்கமாகவே இருந்தது. அதற்குப் பிறகு குப்பை, உணவு, கூடாரம் பற்றிய விதிகள் அடியோடு மாறின.

இன்று கிளேசியரின் காட்டு முகாம்களில் சமைத்து உண்ணும் இடம் வேறு, கூடாரம் போடும் இடம் வேறு. சமையலிடத்தருகே உயரத்தில் ஒரு குறுக்குக்கம்பமோ கம்பியோ இருக்கும். 25 அடி கயிற்றின் நுனியில் சிறு பையைக் கட்டி, அதில் ஒரு கல்லைப் போட்டு மேலே எறிகிறார்கள். இரண்டு மூன்று முறை தவறி விழுந்த பிறகு கயிறு மாட்டும். உணவுப்பை தரையிலிருந்து 10 அடி உயரத்திலும், கம்பத்திலிருந்தோ மரத்திலிருந்தோ 4 அடி விலகியும் தொங்க வேண்டும். மெட்ரிக்கில் 3.05 மீட்டர், 1.22 மீட்டர். இதைப் படித்து ‘மூன்று மீட்டர், ஒரு மீட்டர்’ என்று முழு எண்ணாக்கிக்கொள்வது மனித இயல்பு. முதலாவதில் இழப்பது ஐந்து சென்டிமீட்டர். இரண்டாவதில் 22 சென்டிமீட்டர். எட்டிப்பிடிக்கும் கைக்கு அது பெரிய சலுகை. உணவோடு பற்பசை, சோப்பு, உதட்டுக் களிம்பு, குப்பை என மணக்கும் எதுவும் மேலே போக வேண்டும். பாத்திரம் கழுவிய நீரை ஓடையிலிருந்து 200 அடி, அதாவது 61 மீட்டர் தள்ளித்தான் கொட்ட வேண்டும்.

முழு எண்ணாக்கும்போது எந்தப் பக்கம் தள்ளுகிறோம் என்பதுதான், துல்லியத்தைவிட, இங்கே பெரிய விஷயம். கரடியிடமிருந்து விலகும் தூரமும் உணவுப்பையின் உயரமும் நடைநேரமும் எப்போதும் மேல்நோக்கி உருள வேண்டும். இரவின் வெப்பநிலை கீழ்நோக்கி உருள வேண்டும். பள்ளிக்கூடக் கணக்கில் 0.5-க்குக் கீழே இருந்தால் விட்டுவிடச் சொல்லித்தருவது காட்டுக்குப் பொருந்தாத பாடம்.

எடையில் குழப்பம் குறைவு. பவுண்டைப் பாதியாக்கி அதில் பத்து விழுக்காடு கழித்தால் கிலோ: 30 பவுண்டு முதுகுப்பை பதின்மூன்றரை கிலோ. கிலோவை இரட்டித்துப் பத்து விழுக்காடு கூட்டினால் பவுண்டு. கவனிக்க வேண்டியது அவுன்ஸ் மட்டும். எடை அவுன்ஸ் 28.35 கிராம், அமெரிக்கத் திரவ அவுன்ஸ் 29.57 மில்லிலிட்டர். 32 திரவ அவுன்ஸ் தண்ணீர்ப் புட்டியை எல்லாரும் ‘ஒரு லிட்டர்’ என்றே சொல்கிறார்கள். உள்ளே 946 மில்லிதான்.

வெப்பநிலை வேறு கதை. காய்ச்சல் 102 என்றால் பாரன்ஹீட், ஏசி 24 என்றால் செல்சியஸ், வெயில் ‘சதமடித்தது’ என்று நாளிதழ் எழுதினால் மறுபடி பாரன்ஹீட் என்று யோசிக்காமலே புரிந்துகொள்ளும் தமிழ்நாட்டு வாசகருக்கு இரட்டை வாழ்க்கை புதிதல்ல. ஆனால் அந்தப் பழக்கம் உறைநிலைக்குக் கீழே கைகொடுக்காது. 32-ஐக் கழித்து ஐந்தால் பெருக்கி ஒன்பதால் வகுப்பது சரியான முறை. 30-ஐக் கழித்துப் பாதியாக்குவது நடைவழி முறை. 50 பாரன்ஹீட்டில் இரண்டுக்கும் விடை 10 செல்சியஸ்தான். 20-இல் சரியான விடை மைனஸ் 6.7, நடைவழி விடை மைனஸ் 5. குளிர் கூடக்கூட நடைவழிமுறை குளிரைக் குறைத்துச் சொல்லும்.

ஸ்லீப்பிங் பேக் வாங்கும் கடையில் இது பணத்தையும் உயிரையும் தொடும். அமெரிக்கத் தயாரிப்பின் பெயரோடு வரும் ‘0’ பாரன்ஹீட். மைனஸ் 18 செல்சியஸ் வரை தாங்கும் பை. ஐரோப்பியத் தயாரிப்பின் ‘0’ செல்சியஸ். நீர் உறையும் குளிரோடு அதன் கதை முடிந்தது. இரண்டுக்கும் நடுவே 18 செல்சியஸ். கிளேசியரில் கோடையிலும் பனி விழும் என்பதை நினைவில் கொண்டால் எந்த ‘0’ வேண்டும் என்பது விளங்கும்.

வெப்பநிலை வேறுபாட்டை மாற்றும்போது 32-ஐத் தொடவே கூடாது. பூங்காவின் கிழக்கே உள்ள பிரௌனிங் என்ற ஊரில் 1916 ஜனவரியில் ஒரே நாளுக்குள் வெப்பநிலை 44 பாரன்ஹீட்டிலிருந்து மைனஸ் 56-க்குச் சரிந்தது. 100 பாகை வீழ்ச்சி. சூத்திரத்தில் 100-ஐப் போட்டால் 37.8 செல்சியஸ் என்று வரும், அது தவறு. 6.7 செல்சியஸிலிருந்து மைனஸ் 48.9 வரை, உண்மையான வீழ்ச்சி 55.6. வேறுபாட்டுக்கு ஐந்தால் பெருக்கி ஒன்பதால் வகுத்தாலே போதும். மலையேறும்போது வரும் குளிருக்கும் இதே விதிதான். ஆயிரம் மீட்டருக்குச் சுமார் 6.5 செல்சியஸ் குறையும். ஆயிரம் அடிக்குச் சுமார் 3.5 பாரன்ஹீட்.

தண்ணீரைக் கொதிக்கவைத்துக் குடிப்பவருக்கும் உயரம் ஒரு கணக்கு வைக்கிறது. அமெரிக்க நோய்த்தடுப்பு மையம் ஒரு நிமிடம் கொதிக்கவிடச் சொல்கிறது. 6,500 அடிக்கு மேலே மூன்று நிமிடம். 6,500 அடி என்பது 1,981 மீட்டர். முழு எண்ணாக 2,000 மீட்டர் என்று சொல்வதுண்டு. கிளேசியரின் குறுக்கே செல்லும் சாலையின் உச்சியான லோகன் கணவாய் 6,646 அடி, 2,026 மீட்டர். அங்கே தண்ணீர் சுமார் 93 செல்சியஸிலேயே கொதித்துவிடும். அரிசி வேக வழக்கத்தைவிட நேரமாகும். எரிவாயு உருளையையும் அதற்கேற்பக் கூடுதலாகச் சுமக்க வேண்டும்.

கிளேசியரின் காட்டு முகாம்களில் இரவு தங்க அனுமதிச் சீட்டு கட்டாயம். கிளம்புவதற்கு முன் அந்தச் சீட்டின் பின்பக்கத்தில் அன்றன்றைய தூரம், ஏற்றம், இரவுக் குளிர், கரடிக்கான தூரம், உணவுப்பையின் உயரம் ஆகியவற்றை இரண்டு அலகுகளிலும், அலகின் பெயரை விடாமல், பேனாவால் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். மாற்றிச் சொல்லும் செயலி செல்பேசியில் இருக்கலாம். குளிரில் பேட்டரி சீக்கிரம் இறங்கிவிடும், காட்டின் பெரும்பகுதியில் சிக்னலும் கிடையாது.